வீட்டுல கொரியன் பீஃப் கல்பி சுடுறது: திரும்பத் திரும்ப கேக்குற கேள்விகள்

தென்கொரியாவுல சுவோன் ஊர்ல ஒன்பது வருஷமா இருக்கேன். ஞாயித்துக்கிழமை நம்ம ஆளுங்க வீட்டுக்கு வந்தா கல்பி சுடுறது வழக்கமாயிடுச்சு, வந்தவங்க அவங்க வீட்டுல போய் செஞ்சு பாத்துட்டு போன் பண்ணுவாங்க, ஆள் மாறும் ஆனா கேள்வி மாறாது. வாய்ஸ் நோட்டா அனுப்பி அனுப்பி தொண்டை கட்டிப்போச்சு, அதான் எல்லாத்தையும் அவங்க கேட்ட மாதிரியே ஒரே இடத்துல எழுதிட்டேன். ஒரு விஷயம் முதல்லயே சொல்லிடுறேன், கெட்டுப்போன கல்பியில பாதிக்கு மேல மசாலா அளவுனால கெட்டதே இல்ல, கறியில ஈரம் நின்னதாலயும் தீ பக்கத்துல ஆள் நிக்காததாலயும் கெட்டதுதான்.

கல்பின்னா என்ன, எல்.ஏ. கல்பின்னு ஒண்ணு விக்கிறாங்களே அது வேறயா?

கல்பின்னா கொரியன்ல விலா எலும்பு, அவ்ளோதான். மாட்டு விலா சோ கல்பி, பன்னி விலா த்வெஜி கல்பி. மசாலாவுல ஊற வச்சா யாங்யோம் கல்பி, ஒண்ணும் போடாம அப்படியே சுட்டா செங் கல்பி. எல்.ஏ. கல்பிங்கறது வெட்டுற விதம். எலும்புக்கு இணையா வெட்டாம குறுக்க மெஷின்ல அறுத்து, பட்டையா நீளமா ஒரு துண்டு, அதோட ஒரு ஓரத்துல வட்ட வட்டமா மூணு நாலு எலும்பு தெரியும். லாஸ் ஏஞ்சல்ஸ்ல குடியேறின கொரியாக்காரங்க மூலமா பரவினதுனால அந்தப் பேருன்னு நிறைய பேர் சொல்றாங்க, குறுக்க வெட்டுறதுக்கான இங்கிலீஷ் வார்த்தையோட சுருக்கம்னு சொல்றவங்களும் இருக்காங்க, ரெண்டுல எதுன்னு இன்னும் முடிவாகல.

எங்க ஊரு சுவோன் வாங் கல்பி வேற ஜாதி. வாங்னா ராஜா, பேருக்கேத்த மாதிரி பெரிய நீள எலும்பு, அதுல இருந்து கறியை கத்தியால பாய் விரிக்கிற மாதிரி விரிச்சு விட்டிருப்பாங்க. இங்க ஒரு காலத்துல பெரிய மாட்டுச்சந்தை இருந்துச்சு, அதை ஒட்டி யோங்தோங் மார்க்கெட்ல 1940கள்ல ஹ்வாச்சுன்ஓக்னு ஒரு கடை வந்துச்சு, சுவோன் கல்பி பேர் வாங்கினது அங்கிருந்துதான். சுவோன் முறையில சோயா சாஸை விட உப்புதான் பிரதானம், அதனால கறி கருப்பாகாம வெளிர் நிறத்துலயே இருக்கும். வீட்டுல முதல் தடவை செய்யறவங்க எல்.ஏ. கல்பியில ஆரம்பிங்க, கத்தி வேலை கிடையாது.

கறிக்கடையில என்னன்னு கேட்டு வாங்கணும்?

கொரியாவுல எல்.ஏ. கல்பின்னு கேட்டாலே போதும், அமெரிக்கா இல்ல ஆஸ்திரேலியா கறி ஃப்ரோஸனா வச்சிருப்பாங்க. ஃப்ரோஸன்னு முகம் சுளிக்க வேணாம், உறைஞ்ச கறியைத்தான் மெஷின்ல சமமா அறுக்க முடியும். வேற நாட்டுல இருந்தா ஃப்ளாங்கன் கட் ஷார்ட் ரிப்ஸ்னு கேளுங்க. கனம் 7, 8 மில்லிமீட்டர். அதுக்கு மேல போனா கடிக்க கஷ்டம், 5க்கு கீழ போனா கலர் வர்றதுக்குள்ள காஞ்சிடும். வெள்ளைக் கோடு கோடா கறிக்குள்ள கொழுப்பு ஓடணும், ஓரத்துல மட்டும் கட்டியா கொழுப்பு இருக்கறது வேணாம்.

ஊர்ல இருந்து கேக்குறவங்களுக்கு: நம்ம கறிக்கடையில கட்டையில வச்சு கத்தியால போடுறப்போ எலும்பு சில்லு சில்லா உடையும், குழந்தைங்க சாப்பிடுற இடத்துல அது ஆபத்து. ரம்பத்துல அறுத்துத் தர்ற கடை கிடைக்கலைன்னா எலும்பை எடுத்துட்டு கறியை மட்டும் மெல்லிசா, இழைக்கு குறுக்க போட்டுத் தரச் சொல்லுங்க. எலும்பு இல்லாத கல்பியும் கல்பிதான்.

தண்ணியில ஊற வச்சா சத்து எல்லாம் போயிடாதா? கழுவினா பத்தாதா?

பத்தாது. மெஷின் ரம்பத்துல அறுக்கும்போது எலும்புத்தூள் கறி மேல அப்பியிருக்கும், வாயில வச்சா நறநறன்னு மணல் மாதிரி இருக்கும், என்ன மசாலா போட்டாலும் அது மறையாது. பச்சத்தண்ணியில அரை மணி நேரம், ரத்தம் நிறைய இருந்தா ஒரு மணி நேரம், நடுவுல ரெண்டு தடவை தண்ணி மாத்துங்க. அப்புறம் ஒவ்வொரு துண்டா குழாயடியில பிடிச்சு எலும்போட விளிம்பை சுத்தி கட்டைவிரலால தடவி விடணும், சாம்பல் கலர்ல வழவழன்னு ஒண்ணு வரும் பாருங்க, அதுதான் அந்தத் தூள். இந்த வேலைக்கு ஒன்றரை கிலோவுக்கு கால் மணி நேரம் ஆகும், தயவுசெஞ்சு ஒதுக்குங்க.

கழுவினதுக்கு அப்புறம்தான் முக்கியமான வேலை. வடிதட்டுல ஒரு பத்து நிமிஷம் விட்டு, கிச்சன் டவல் விரிச்சு துண்டுகளை வரிசையா அடுக்கி மேல இன்னொரு டவல் வச்சு உள்ளங்கையால அழுத்தி எடுங்க. ஈரத்தோட ஊற வச்சா மசாலா தண்ணியாகி கறிக்குள்ள ஏறாம கீழ நிக்கும்.

மசாலா அளவு சரியா சொல்லுங்க அக்கா, கண் அளவுன்னு சொல்லாதீங்க

எலும்போட ஒன்றரை கிலோவுக்கு: சோயா சாஸ் 180 மில்லி, தண்ணி 120 மில்லி, நாட்டுச்சர்க்கரை இல்ல பிரவுன் சுகர் 5 டேபிள்ஸ்பூன், கொரியன் பேரிக்காய் பெருசுல பாதி, வெங்காயம் சின்னதா ஒண்ணு, பூண்டு 10 பல், இஞ்சி அரை விரல் நீளம், அரிசி ஒயின் 4 டேபிள்ஸ்பூன், வறுத்த எள்ளு எண்ணெய் 2 டேபிள்ஸ்பூன், மிளகுத்தூள் ஒரு டீஸ்பூன், வெங்காயத்தாள் மூணு கொத்து பொடியா நறுக்கினது. பேரிக்காய், வெங்காயம், பூண்டு, இஞ்சி நாலையும் மிக்ஸியில அரைச்சு வடிகட்டியில ஊத்தி சாறை மட்டும் எடுங்க. சக்கையோட போட்டா அந்தச் சக்கைதான் முதல்ல தீயும்.

கலந்ததும் ஒரு சொட்டு நாக்குல வச்சுப் பாருங்க, கறி போடுறதுக்கு முன்னாடி. குடிக்க முடியாத அளவுக்கு உப்பா இருக்கக்கூடாது, ரசத்தை விட கொஞ்சம் தூக்கலா இனிப்பும் உப்பும் தெரிஞ்சா சரி. மிளகாய்த்தூள், கரம் மசாலா சேர்க்கலாமான்னு கேக்குறாங்க, உங்க கறி உங்க இஷ்டம், ஆனா அப்புறம் அது கல்பி இல்ல, வேற ஒரு நல்ல வறுவல்.

பேரிக்காய் எதுக்கு? அது கிடைக்கலைன்னா கிவி, அன்னாசி, பப்பாளி போடலாமா?

பேரிக்காய்ல புரதத்தை உடைக்கிற என்சைம் கொஞ்சம் இருக்கு, கறியை மெதுவா இளக வைக்கும், கூடவே இனிப்பும் சாறும் தரும். நம்ம வீட்டுல மட்டனுக்கு பப்பாளிக்காய் அரைச்சுப் போடுவோம்ல, அதே வேலைதான், ஆனா பேரிக்காய் சாது. கிவி, பச்சை அன்னாசி, பப்பாளிக்காய் மூணும் ரொம்ப வேகம். அதுல எது போட்டாலும் ஒரு கிலோவுக்கு ஒரு டேபிள்ஸ்பூன்தான், ஒண்ணுல இருந்து ரெண்டு மணி நேரத்துக்குள்ள சுட்டுடணும்.

எனக்கே நடந்தது இது. முதல் வருஷம் சூசோக், அதாவது இங்கத்த அறுவடைப் பண்டிகை, பேரிக்காய் விலையைப் பாத்துட்டு ஒரு முழு கிவி அரைச்சு ஊத்தி ராத்திரி பூரா ஃப்ரிட்ஜ்ல வச்சுட்டேன். காலையில எடுத்தா கறி எலும்பை விட்டுக் கழண்டு விரல் பட்ட இடமெல்லாம் மாவு மாதிரி ஒட்டிச்சு, சுட்டா கம்பி வலைக்குள்ள ஒழுகிப் போச்சு. எட்டு பேர் சாப்பிட வந்திருந்தாங்க. அதுக்கப்புறம் கிவி போட்டா போன்ல அலாரம் வச்சுடுவேன். எதுவுமே இல்லைன்னா ஆப்பிள் போடுங்க, ருசி வரும் ஆனா கறியை இளக்காது. டின்ல வர்ற அன்னாசியும் அப்படித்தான், சூடு பண்ணி அடைக்கிறப்பவே என்சைம் செத்துப்போயிடும்.

எள்ளு எண்ணெய்ன்னா நம்ம நல்லெண்ணெய் தானே?

இல்ல. ரெண்டும் எள்ளுதான், ஆனா நம்ம செக்கு நல்லெண்ணெய் எள்ளை வறுக்காம ஆட்டினது, கொரியன் எண்ணெய் எள்ளை நல்லா வறுத்து எடுத்தது, காப்பி கலர்ல இருக்கும், மூடியைத் திறந்தாலே எள்ளுருண்டை வாசம் அடிக்கும். நல்லெண்ணெய் மட்டும்தான் இருக்குன்னா ஒரு ஸ்பூன் வெள்ளை எள்ளை பொன்னிறமா வறுத்து நுணுக்கி அந்த எண்ணெய்ல போட்டு அரை மணி நேரம் விடுங்க, அச்சு அசலா வராட்டாலும் நெருங்கி வரும்.

எந்த சோயா சாஸ்? வீட்டுல ஃப்ரைட் ரைஸுக்கு வாங்கின டார்க் சோயா இருக்கு

அது வேணாம், கெட்டியா கருப்பா இருக்கும், கலரை மட்டும் தூக்கிடும், கறி வேகறதுக்கு முன்னாடியே வெந்த மாதிரி தெரிஞ்சு ஏமாத்திடும். கொரியன் கடையில ஜின் கான்ஜாங் இல்ல யாங்ஜோ கான்ஜாங்னு போட்ட பாட்டில் எடுங்க. குக் கான்ஜாங்னு ஒண்ணு இருக்கு, அது சூப்புக்கு போடுறது, கலர் கம்மி உப்பு அதிகம், கல்பிக்கு அதே 180 மில்லி ஊத்தினா வாயில வைக்க முடியாது. கொரியன் இல்லைன்னா சாதாரண ஜப்பான் சோயா சாஸ் தாராளமா போதும்.

நாங்க முஸ்லிம், அரிசி ஒயின் இல்லாம வருமா?

நல்லாவே வரும். ஒயினுக்குப் பதிலா அதே அளவு தண்ணியும் கூட அரை ஸ்பூன் இஞ்சிச் சாறும் போடுங்க, கவிச்சி போக்கத்தான் அது, இஞ்சியும் மிளகும் அந்த வேலையைப் பாத்துக்கும். நிறைய பேர் கவனிக்காதது சோயா சாஸ் பாட்டில், கொரியன் சோயா சாஸ் பலதுல கெடாம இருக்க ஆல்கஹால் சேர்ப்பாங்க, பின்னாடி லேபிள்ல ஜுஜோங்னு எழுதியிருக்கும், அதனால ஹலால் முத்திரை பாத்து வாங்குங்க. கூட வச்சு சாப்பிடுற சம்ஜாங் (சோயா விழுதுல செஞ்ச தொக்கு), கொச்சுஜாங் (மிளகாய் விழுது) டப்பாவுலயும் அதே மாதிரி பாருங்க. சியோல்ல இருக்கறவங்களுக்கு இத்தேவோன்ல 1976ல திறந்த பெரிய பள்ளிவாசலைச் சுத்தி ஹலால் கறிக்கடைங்க இருக்கு.

எவ்ளோ நேரம் ஊறணும்? ரெண்டு நாள் வச்சா இன்னும் ருசியா இருக்கும்ல?

இந்தக் கனத்துக்கு நாலு மணி நேரம் போதும், ராத்திரி பூரா வச்சா அருமை. பேரிக்காய் போட்டதுன்னா 24 மணி நேரத்தைத் தாண்ட வேணாம், உப்பு கறித்தண்ணியை வெளிய இழுத்து கறி விறைச்சிடும், இனிப்பும் ஜாஸ்தியாகி சுடும்போது கருகும். எப்பவும் ஃப்ரிட்ஜ்லதான், வெளிய கிச்சன் மேடையில வச்சு ஊற வைக்காதீங்க.

கரி அடுப்புல எப்படி சுடணும், கொஞ்சம் விளக்கமா சொல்லுங்க

கரி பத்த வச்ச உடனே கறியைப் போடுறதுதான் எல்லாரும் பண்ற தப்பு. தீ ஜுவாலை அடங்கி, கங்கு மேல வெள்ளையா நீறு பூக்கணும், அதுக்கு 20, 25 நிமிஷம் ஆகும். அப்புறம் கங்கை ஒரு பக்கமா தள்ளி குமிச்சு இன்னொரு பக்கம் கொஞ்சமா பரப்பி விடுங்க. சூடு ஜாஸ்தி பக்கம் கலருக்கு, கம்மி பக்கம் வேகறதுக்கும் தீ எழும்பினா ஓடி ஒதுங்கறதுக்கும். கம்பி வலைக்கு மேல ஒரு சாண் உயரத்துல உள்ளங்கையை நீட்டிப் பாருங்க, மூணு நாலு எண்ணுறதுக்குள்ள கையை எடுத்துடணும்னு இருந்தா சூடு சரி.

கறியை மசாலாவுல இருந்து எடுத்து கிண்ணத்து ஓரத்துல வழிச்சு விடுங்க, சொட்டக்கூடாது. வெங்காயத்தாள் துணுக்கு ஒட்டியிருந்தா தட்டி விடுங்க. வலையைச் சூடாக்கி எண்ணெய் தொட்ட டிஷ்யூவை இடுக்கியில பிடிச்சு தடவிட்டு துண்டுகளை நெருக்காம வைங்க. வச்ச உடனே சுர்ருன்னு சத்தம் வரணும், முப்பது நாப்பது செகண்ட்ல ஓரம் சுருங்கி மேல சின்னச் சின்னதா ஈரப்பொட்டு முத்து முத்தா கிளம்பும், அப்போ திருப்புங்க. கொழுப்பு சொட்டி தீ எழும்பினா தண்ணி தெளிக்காதீங்க, சாம்பல் பறந்து கறி மேல ஒட்டும், கறியை கம்மி சூடு பக்கம் நகர்த்தினா போதும். மொத்தமா அஞ்சாறு நிமிஷம். ரெண்டு மூணு ஈடு சுட்டதும் வலையில சர்க்கரை கருகி கருப்பா ஒட்டியிருக்கும், கடையில அதுக்குத்தான் நடுவுல வலையையே மாத்துவாங்க, வீட்டுல இன்னொரு வலை இல்லைன்னா கம்பி பிரஷ் போட்டு தேய்ச்சுட்டு அடுத்த ஈடு போடுங்க.

ஒரு தடவைதான் திருப்பணும்னு சொல்றாங்களே?

அது மசாலா போடாத கனமான ஸ்டேக்குக்கு சிலர் சொல்றது. இதுல சர்க்கரை இருக்கு, 160 டிகிரி தாண்டினாலே நிறம் மாற ஆரம்பிக்கும், கங்கு மேல அது கண் இமைக்கிற நேரம். அதனால அடிக்கடி திருப்புங்க, அஞ்சு தடவை ஆறு தடவை ஆனாலும் பரவால்ல.

அபார்ட்மென்ட் பால்கனியில கரி அடுப்பு வைக்கலாமா? ஜன்னல் திறந்து வச்சுக்குறேன்

வேணாம். ஜன்னல் திறந்திருந்தாலும் வேணாம். கரி எரியும்போது கார்பன் மோனாக்சைடு வரும், அதுக்கு வாசம் இல்ல, கண்ணு எரியாது, தலை சுத்துறப்போ எழுந்து போகவே தெம்பு இருக்காது. கண்ணாடி அடைச்ச கொரியன் பால்கனி ஒரு ரூம் மாதிரிதான். கூடாரத்துக்குள்ளயும் அதே கதை, அணைஞ்ச மாதிரி தெரியுற கங்கைக் கூட உள்ள கொண்டு போகாதீங்க. கரின்னா திறந்த வெளி, வேற பேச்சே இல்ல.

அப்போ வீட்டுக்குள்ள எதுல சுடலாம்?

என் ஓட்டு ஓவன் கிரில்லுக்கு, மேல இருந்து மட்டும் சூடு வர்றது. கீழ தட்டுல ஃபாயில் விரிச்சு கொஞ்சம் தண்ணி ஊத்தி, மேல கம்பி ரேக்ல கறி, மேல் கம்பியில இருந்து ஒரு சாண் கீழ வச்சு ஒவ்வொரு பக்கமும் நாலு அஞ்சு நிமிஷம். தண்ணி ஊத்துறது சொட்டுற மசாலா தீஞ்சு வீடெல்லாம் புகையாகாம இருக்க. ஏர் ஃப்ரையர்னா 190 டிகிரியில ஒரே அடுக்கா வச்சு 10 நிமிஷம், பாதியில திருப்பணும்.

இரும்புக்கல்லு இல்ல கனமான பேன்னா மிதமான தீ, ரெண்டு ரெண்டு துண்டுதான். நிறைய போட்டா தண்ணி விட்டு குழம்பாயிடும். ஒவ்வொரு ஈடுக்கும் நடுவுல பேனை டிஷ்யூவால துடைச்சே ஆகணும். மேசை மேல வைக்கிற கேன் கேஸ் அடுப்புல சுடறவங்க கவனம், அடுப்பை விட பெரிய கல்லை வச்சு கேஸ் கேன் இருக்கற பக்கம் மூடினா கேன் சூடாகி வெடிக்கும். ஃபாயில் சுத்தறதும் கூடாது.

வெளிய கருகிடுது, உள்ள பச்சையா இருக்கு. என்ன தப்பு?

மூணுல ஒண்ணு. கறி ஃப்ரிட்ஜ்ல இருந்து நேரா வந்திருக்கும், சுடறதுக்கு 20 நிமிஷம் முன்னாடி வெளிய எடுங்க. இல்லைன்னா மசாலா சொட்டச் சொட்ட போட்டிருப்பீங்க, இல்லைன்னா எல்லா இடமும் ஒரே சூடு. கரி அடுப்பு கேள்வியில சொன்ன ரெண்டு பக்க கங்கு இதுக்குத்தான். பேன்லயும் அதையே பண்ணலாம், கலர் வந்ததும் தீயைக் குறைச்சு ரெண்டு ஸ்பூன் தண்ணி விட்டு ஒரு நிமிஷம் மூடி வைங்க, கடைசியில திறந்து வத்த விடுங்க.

வெந்துச்சான்னு எப்படி பாக்குறது? சோயா கலர்ல ஒண்ணும் தெரியல

எலும்பைப் பாருங்க. கறி எலும்பு விளிம்புல இருந்து சுருங்கி கொஞ்சம் பின்வாங்கி, எலும்பு நடுவுல இருந்து ரத்தமா வராம நிறமில்லாத சாறா வந்தா வெந்துடுச்சு. கத்திரியால நடுவுல ஒரு வெட்டு வெட்டியும் பாக்கலாம். கர்ப்பமா இருக்கறவங்க, சின்னக் குழந்தைங்களுக்கு உள்ள சிவப்பு இல்லாம முழுசா வேக வச்சுக் கொடுங்க.

சாப்ட்டா இல்ல, ரப்பர் மாதிரி இழுக்குது

முதல்ல கனத்தைப் பாருங்க, மேல சொன்ன 7, 8 மில்லிமீட்டர் இருக்கான்னு. விலாக்கறியில இணைப்புத் திசு நிறைய, அது கரைய மணிக்கணக்கா வேகணும், அஞ்சு நிமிஷம் சுட்டா கரையாது, அதைச் சமாளிக்கத்தான் மெல்லிசா குறுக்க வெட்டுறதே. எலும்போட ஒரு பக்கம் வெள்ளையா சவ்வு இருக்கும், அதைக் கத்தி நுனியால ரெண்டு மூணு இடத்துல கீறி விட்டா சுருண்டுக்காது. கட்டை கட்டையா கனமான விலா கிடைச்சிருந்தா சுடவே வேணாம், அதே மசாலாவுல முள்ளங்கி, கேரட் போட்டு ரெண்டு மணி நேரம் சின்ன தீயில வேக வைங்க. கல்பி ஜிம் அதுதான்.

மிச்ச மசாலாவை சாஸா ஊத்திக்கலாமா? ஊறின கறியை ஃப்ரீசர்ல வைக்கலாமா?

பச்சைக்கறி ஊறினது, அப்படியே ஊத்தவே கூடாது. நுரையை எடுத்துட்டு அஞ்சு நிமிஷம் தளதளன்னு கொதிக்க விட்டா அப்புறம் ஊத்திக்கலாம். நான் அதுல கண்ணாடி நூடுல்ஸும் காளானும் போட்டு மறுநாள் செய்வேன்.

ஃப்ரீசர்ல தாராளமா வைக்கலாம், ரெண்டு மாசம் நல்லா இருக்கும். ஆனா கிவி, பப்பாளி போட்டதை வைக்காதீங்க, பனி இளகுற நேரம் பூரா அது வேலை பாக்கும். ஒரு வேளைக்கு ஒரு கவர்னு தட்டையா போட்டு வச்சு, முந்தின ராத்திரி ஃப்ரிட்ஜ்ல இறக்கி வைங்க.

டக்கல்பியும் இதுவும் ஒண்ணா? மட்டன்ல செய்யலாமா?

டக்கல்பி சுன்சோன் ஊர் சமையல், கோழிக்கறியை காரமா கொச்சுஜாங்ல முட்டைகோஸோட கல்லுல கிளறுறது, பேர்ல மட்டும்தான் விலா. மட்டன் சாப்ஸ்ல இந்த மசாலா நல்லா பிடிக்கும், இளங்கறியா மெல்லிசா தட்டி வாங்குங்க, பூண்டு ரெண்டு பல் கூட போடுங்க.

எதோட சாப்பிடறது? சோறு மட்டும் போதுமா?

சோறு, கீரை மாதிரி விரிஞ்ச லெட்டூஸ், கெண்ணிப்ங்கற வாசமான இலை, சம்ஜாங், பச்சைப்பூண்டு சீவினது, பச்சைமிளகாய். கத்திரியால கறியை ஒரு வாய் அளவுக்கு வெட்டி, உள்ளங்கையில லெட்டூஸ் அதுமேல கெண்ணிப் வச்சு, கறி, துளி சம்ஜாங், ஒரு பூண்டுச்சீவல், வெத்தலை மடிக்கிற மாதிரி மடிச்சு முழுசா ஒரே வாயில போடணும், கடிச்சு பாதி பாதியா சாப்பிட்டா எல்லாம் கையில ஒழுகும். வெங்காயத்தாளை நூல் நூலா சீவி வினிகர், மிளகாய்த்தூள், எள்ளு எண்ணெய் போட்டு பிசறினா அதுவே போதும் கொழுப்பு திகட்டாம இருக்க. கடைசியா இங்க குளிர்ந்த நூடுல்ஸ் நெங்ம்யோன் சாப்பிடுவாங்க.

எல்லாம் சொன்ன மாதிரியே செஞ்சேன், கடை ருசி மட்டும் வரல, ஏன்?

அது புகை. சொட்டுற கொழுப்பு கங்கு மேல விழுந்து புகையா திரும்பி வந்து கறியில ஏறுது, ஓவன்லயும் பேன்லயும் அது கிடையாது. ஓரளவு ஈடுகட்ட ஒரு வழி இருக்கு. சுட்ட கறியை ரேக்ல ஒரு நிமிஷம் ஆற விட்டு, கொதிக்க வச்சு சுண்டின மசாலாவை பிரஷ்ல ரொம்ப மெல்லிசா ஒரே ஒரு பூச்சு பூசி, திரும்ப மேல்சூட்டுல 40 செகண்ட் காட்டுங்க. ஓரம் மட்டும் லேசா கருகி பளபளன்னு வரும், அந்தக் கருகல்தான் புகைக்கு பதில். 40ஐ 60 ஆக்கிடாதீங்க, ஓவன் முன்னாடியே நில்லுங்க.